வி. கிருஷ்ணசாமி ஐயர்

வி. கிருஷ்ணசாமி ஐயர் (ஜூன் 15, 1863 - டிசம்பர் 28, 1911) சென்னையைச் சேர்ந்த புகழ்பெற்ற வழக்கறிஞர், உயர்நீதிமன்ற நீதிபதி. காங்கிரசின் மிதவாதத் தலைவர்களுள் ஒருவர். 1906 இல் ஆர்பத்நாட் நிறுவனம் நொடித்தபோது பணம் இழந்தவர்களுக்காக வாதாடியவர். அதன் விளைவாகத் தோன்றிய இந்தியன் வங்கியின் நிறுவனர்களுள் முதன்மையானவர்.

இளமை

தஞ்சாவூர் மாவட்டம் திருவிடைமருதூரில் பிறந்தார். தந்தையார் வெங்கடராம ஐயர் நீதித்துறையில் முன்சீப்பாகப் பணியாற்றியவர். கும்பகோணம் கல்லூரியிலும் சென்னை மாநிலக் கல்லூரியிலும் பயின்று, சட்டம் முடித்து 1885 இல் வழக்கறிஞரானார். பின்னர் மயிலாப்பூரில் வாழ்ந்தார்.

ஆர்பத்நாட் நிறுவன வீழ்ச்சி

பாரி, பின்னி ஆகியவற்றுடன் சேர்த்து எண்ணப்பட்ட பெரிய ஆங்கிலேய வணிக நிறுவனம் ஆர்பத்நாட். வணிகத்துடன் வங்கித் தொழிலையும் நடத்திய அந்நிறுவனத்தில் அரசு ஊழியர், ஓய்வூதியம் பெறுவோர், கைம்பெண்கள் எனப் பலரும் தம் சேமிப்பை வைத்திருந்தனர். அதன் தலைவர் சர் ஜார்ஜ் கஃப் ஆர்பத்நாட் சென்னைச் சட்டமன்றத்தில் உறுப்பினராக இருந்தவர். நகரின் மதிப்புமிக்க ஆங்கிலேயருள் ஒருவரான அவரது பெயரே வைப்பாளர்களுக்குப் போதுமான பிணையாக இருந்தது.

சென்னையில் திரட்டிய பணத்தை லண்டனிலிருந்த பங்காளி பாட்ரிக் மக்ஃபாடியன் கடல்கடந்த துணிகர முதலீடுகளில் இட்டு இழந்தார். இழப்பு வெளியில் தெரியாதவரை சென்னையில் புதிய வைப்புகள் பெறப்பட்டே வந்தன. 1906 அக்டோபரில் மக்ஃபாடியன் இரயில் முன் பாய்ந்து உயிர் துறந்தார். அதே மாதம் 22 ஆம் நாள் ஆர்பத்நாட் நிறுவனம் பணம் கொடுப்பதை நிறுத்தியது. ஊரிலிருந்த வைப்பாளர் எவருக்கும் தம் பணம் எங்கே, எதில் முடங்கியது என்பது அதுவரை தெரியாது. வீழ்ச்சியின் உண்மையான கொடுமை இதுவே எனலாம்.

கிருஷ்ணசாமி ஐயர் வைப்பாளர்கள் சார்பில் திவால் நடவடிக்கைகளில் வாதாடினார். ஆர்பத்நாட் மீது மோசடிக் குற்ற வழக்கும் நடந்தது. 18 மாதக் கடுங்காவல் தண்டனை விதிக்கப்பட்டது. ஆங்கிலேயச் செல்வந்தர் ஒருவர் இவ்வாறு தண்டிக்கப்பட்டது அக்காலத்தில் அரிய நிகழ்வு. எனினும் இழந்த சேமிப்புகளைத் தண்டனையால் திருப்பித்தர இயலவில்லை.

இந்தியன் வங்கி

இந்தியர் பணத்தை இந்தியரே நிருவகிக்க வேண்டும் என்று கருதிய கிருஷ்ணசாமி ஐயர், நகரப் பிரமுகர்களைத் திரட்டி வங்கி ஒன்றைத் தொடங்க முனைந்தார். சுதேசி இயக்கம் வலுப்பெற்றிருந்த காலம் அது. வழக்கறிஞர்களிடம் செல்வாக்கு இருந்தது; பெருமளவு மூலதனமோ வணிகரிடம் இருந்தது. ஆகவே நாட்டுக்கோட்டை நகரத்தாரின் ஆதரவு இன்றியமையாததாக இருந்தது. ராமசாமி செட்டியார் முதலானோர் இதில் பங்கேற்றனர். 1907 மார்ச்சில் பதிவு செய்யப்பட்ட வங்கி, அவ்வாண்டு ஆகஸ்ட் 15 அன்று பணியைத் தொடங்கியது. ஆர்பத்நாட் அலுவலகம் இருந்த இடத்திலேயே பின்னாளில் இவ்வங்கியின் தலைமையகம் அமைந்தது. 1969 இல் இது நாட்டுடைமையாக்கப்பட்டது; 2020 இல் அலகாபாத் வங்கி இதனுடன் இணைந்தது.

பிற பணிகள்

1905 இல் வெங்கடரமணா ஆயுர்வேத மருத்துவ நிலையத்தையும், 1906 இல் சென்னை சமசுகிருதக் கல்லூரியையும் நிறுவினார். தீவிரவாத அணியைச் சேர்ந்த சுப்பிரமணிய பாரதியின் அரசியலை ஏற்காதவர். ஆயினும் அவர் பாடல்களைக் கேட்டு வியந்து, மூன்றைச் 'சுதேச கீதங்கள்' என்ற பெயரில் 1907 இல் 15,000 படிகள் அச்சிட்டு இலவசமாக வழங்கினார். கருத்து வேறுபாட்டைத் தாண்டிய இச்செயல் அவரைப் பற்றி அதிகம் பேசப்படும் செய்திகளுள் ஒன்று.

1909 இல் சென்னை உயர்நீதிமன்ற நீதிபதியாகவும், 1911 இல் ஆளுநரின் நிருவாகக் குழு உறுப்பினராகவும் நியமிக்கப்பட்டார். அவ்வாண்டு டிசம்பரில், 48 ஆம் வயதில் காலமானார். இவரது சிலை சேப்பாக்கத்தில் சென்னைப் பல்கலைக்கழக வளாகத்தில் உள்ளது. எழுத்தாளர் கே. சந்திரசேகரன் இவர் மகன்.