முயல் கதை எழுதியவர் காளான் ஆய்வாளரா? யார் இந்த பீட்ரிக்ஸ் பாட்டர்?

நீலக் கோட்டு போட்ட குட்டி முயல் ‘பீட்டர் ராபிட்’டைத் தெரியாத குழந்தைகள் குறைவு. அந்த முயலை உருவாக்கிய பீட்ரிக்ஸ் பாட்டர், அதற்கு முன்பு பல வருஷம் காளான்களுக்குப் பின்னால் அலைந்தவர் என்பது பலருக்குத் தெரியாது.

1866-ல் லண்டனில் வசதியான குடும்பத்தில் பிறந்தார். பள்ளிக்கூடமே போனதில்லை, வீட்டில்தான் படிப்பு. விடுமுறைக்கு ஸ்காட்லாந்து போனபோது, டன்கெல்ட் பகுதியில் தபால்காரராக இருந்த சார்லஸ் மெக்கின்டாஷின் பழக்கம் கிடைத்தது. ஊர் ஊராக நடந்தே தபால் கொடுத்தவருக்கு அந்தக் காட்டின் செடி, பாசி, காளான் எல்லாம் அத்துப்படி. அழகாக வரைந்தால் மட்டும் போதாது, குறுக்கே வெட்டி உள்பக்கத்தையும் வரைய வேண்டும் என்று சொல்லிக்கொடுத்தவர் அவர்தான். பாட்டருக்குக் கிடைத்த உண்மையான பேராசிரியர் இவர்தான் என்று தோன்றுகிறது.

1893 செப்டம்பர் 3 அன்று டன்கெல்டில் பாட்டர் வரைந்தது, பிரிட்டனில் அரிதான ஸ்ட்ரோபிலோமைசிஸ் காளான். 1770-லேயே ஸ்கோபோலி என்ற அறிஞர் இதை விவரித்துப் பெயர் வைத்துவிட்டார். தொப்பி முழுக்க கருஞ்சாம்பல் செதில்கள், பார்க்க பைன் காய் மாதிரியே இருக்கும். பெயரும் அதிலிருந்து வந்ததுதான். அடியில் மடிப்புகளுக்குப் பதில் சின்னச் சின்ன துளைகள். வெட்டினால் வெள்ளைச் சதை சிவந்து, பிறகு கறுத்துப்போகும். ஆங்கிலத்தில் இதைக் ‘காட்டுக் கிழவர்’ என்கிறார்கள்!

மறுநாளே, உடம்பு சரியில்லாத ஒரு சிறுவனுக்குப் படம் போட்டு எழுதிய கடிதத்தில்தான் பீட்டர் ராபிட் பிறந்தது.

பாட்டர் வரைவதோடு நிற்கவில்லை. காளானுக்கு விதை மாதிரி இருக்கும் ஸ்போர்களை வீட்டிலேயே முளைக்க வைத்து, மைக்ரோஸ்கோப்பில் பார்த்துக் கட்டுரை எழுதினார். 1897 ஏப்ரல் 1-ல் லண்டன் லின்னேயன் சங்கத்தில் அந்தக் கட்டுரை முன்வைக்கப்பட்டபோது அவர் அங்கே இல்லை. பெண்களுக்கு அனுமதி கிடையாது. கியூ தாவரவியல் பூங்காவைச் சேர்ந்த ஜார்ஜ் மாஸ்ஸிதான் அவர் சார்பில் கொடுத்தார். பிறகு பாட்டரே கட்டுரையைத் திரும்பப் பெற்றுக்கொண்டார். அச்சாகவே இல்லை. கைப்பிரதியும் இன்றுவரை கிடைக்கவில்லை.

1902-ல் பீட்டர் ராபிட் புத்தகம் வெளியாகி அவர் வாழ்க்கையே மாறியது. பெண்களை உறுப்பினர்களாக அந்தச் சங்கம் 1904-ல்தான் தேர்ந்தெடுத்தது. அவரை மோசமாக நடத்திவிட்டோம் என்று ஒப்புக்கொள்ள 1997 ஆனது.

பாட்டர் 1943-ல் இறந்தார். 24 வருஷம் கழித்து, டபிள்யூ.பி.கே. ஃபிண்ட்லே எழுதிய காளான் கையேட்டில் அவருடைய 59 ஓவியங்கள் அச்சாகின.