சுப்பிரமணிய சிவாவை முடக்கிய தொழுநோய்: செல்லுக்குள் நடக்கும் சண்டை என்ன?

1925 ஜூலை 23, வியாழக்கிழமை. இன்றைய தருமபுரி மாவட்டத்தில் இருக்கும் பாப்பாரப்பட்டியில் சுப்பிரமணிய சிவா இறந்துபோனார். அப்போது அவருக்கு 41 வயதுகூட நிரம்பவில்லை. மதுரையிலிருந்து அந்த ஊருக்கு வந்து சேர்ந்து ஒரு நாள்தான் ஆகியிருந்தது. பல வருஷமாக உடம்பில் தொழுநோய். அந்த நோயைக் காரணம் காட்டி அவர் ரயிலில் ஏறவே கூடாது என்று ஆங்கில அரசு தடை போட்டிருந்தது. அதனால் கடைசி வருஷங்களில் மாட்டு வண்டியிலும் நடந்துமே ஊர் ஊராகப் போனார்.

வ.உ.சி., பாரதி, சிவா என்று மூன்று பேரையும் சேர்த்தே பாடப் புத்தகத்தில் படித்திருப்போம். இதில் மூன்றாவது ஆளைப் பற்றி நமக்குத் தெரிந்தது கொஞ்சம்தான். ஜெயிலுக்குப் போனார், நோய் வந்தது, இறந்தார் என்று மூணு வரியில் முடிந்துவிடும். ஆனால் அந்த நோய் ஏன் சிலரை மட்டும் பிடிக்கிறது, பிடித்த பிறகு உடம்புக்குள் என்ன நடக்கிறது என்பதற்கு அறிவியல் இப்போதுதான் பதில் சொல்லத் தொடங்கியிருக்கிறது. டயட் ரீல்ஸில் அடிக்கடி காதில் விழும் ஆட்டோஃபேஜி என்ற சொல் இந்தக் கதைக்குள்ளும் வருகிறது.

யார் இந்த சிவா?

1884 அக்டோபர் 4-ம் தேதி, இன்றைய திண்டுக்கல் மாவட்டம் வத்தலக்குண்டில் பிறந்தவர். அப்பா ராஜம் ஐயர், அம்மா நாகம்மாள். இளம் வயதில் திருவனந்தபுரத்தில் இருந்தபோதே அரசியல் பேசத் தொடங்கிவிட்டார். இளைஞர்களைச் சேர்த்து தர்ம பரிபாலன சமாஜம் என்ற அமைப்பை நடத்தினார். அது திருவிதாங்கூர் சமஸ்தானத்துக்குப் பிடிக்கவில்லை. சமஸ்தானத்தை விட்டு வெளியேறச் சொன்னார்கள்.

அங்கிருந்து கிளம்பியவர் தூத்துக்குடிக்கு வந்து வ.உ.சி.யைச் சந்தித்தார். 1908-ன் தொடக்கம் அது. சுதேசிக் கப்பல் கம்பெனி நடந்துகொண்டிருந்த நேரம். கோரல் மில் தொழிலாளர்கள் கூலி உயர்வும் விடுமுறையும் கேட்டு வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். அவர்களைத் திரட்டியதில் வ.உ.சி.க்கும் சிவாவுக்கும் பெரிய பங்கு உண்டு. கடற்கரையில் கூட்டம் கூடும், சிவா பேசுவார். அவருடைய பேச்சுதான் அவருடைய ஆயுதம்.

1908 மார்ச் 12-ல் இருவரும் கைதானார்கள். மறுநாள் திருநெல்வேலி கலவரமானது. வழக்கை விசாரித்த நீதிபதி பின்ஹே ஜூலையில் தீர்ப்பு சொன்னார். சிவாவுக்கு 10 ஆண்டு நாடு கடத்தல். வ.உ.சி.க்கு இரண்டு ஆயுள் தண்டனை. அந்த இரண்டில் ஒன்று, சிவாவுக்கு இடம் கொடுத்து உதவிய குற்றத்துக்காக! மேல்முறையீட்டில் தண்டனைகள் குறைந்தன. 1912-ல் சிவா வெளியே வந்தார். ஜெயிலுக்குப் போனபோது 23 வயது இளைஞர். திரும்பி வந்தபோது உடம்பில் தொழுநோய் இருந்தது.

ஜெயில்தான் நோயைக் கொடுத்ததா?

ஜெயிலில் சுண்ணாம்பு தடவிய ஆட்டு ரோமத்தைச் சுத்தம் செய்ய வைத்தார்கள், அதனால்தான் தொழுநோய் வந்தது என்று ஒரு பேச்சு உண்டு. சுண்ணாம்பு கையைப் புண்ணாக்கும், அது நிஜம். ஆனால் தொழுநோய் சுண்ணாம்பிலிருந்தோ ரோமத்திலிருந்தோ வருவதில்லை. அது ஒரு பாக்டீரியா. பெயர் மைக்கோபாக்டீரியம் லெப்ரே. 1873-ல் நார்வே நாட்டு டாக்டர் ஹான்சன் கண்டுபிடித்தார். சிகிச்சை எடுக்காத நோயாளியோடு மாதக்கணக்கில் நெருக்கமாக இருக்கும்போது, மூக்கு, வாய் வழியாக வரும் நுண்துளிகள் மூலம் பரவுகிறது.

இந்தப் பாக்டீரியா மகா சோம்பேறி. ஈ-கோலை மாதிரியான பாக்டீரியா 20 நிமிஷத்தில் இரண்டாகப் பெருகிவிடும். இதற்கு ஏறத்தாழ இரண்டு வாரம் வேண்டும். அதனால் உடம்புக்குள் நுழைந்து அறிகுறி தெரிய சராசரியாக 5 ஆண்டுகள், சிலருக்கு 20 ஆண்டுகள்கூட ஆகும். ஒருவருக்கு எந்த இடத்தில், எந்த நாளில் தொற்றியது என்று விரல் வைத்துச் சொல்வது கஷ்டம்.

அப்படியென்றால் ஜெயில் மேல் தப்பே இல்லையா? அப்படி இல்லை. நெருக்கடியான கொட்டடி, அரைவயிற்றுச் சாப்பாடு, கடும் உழைப்பு, மருத்துவம் கிடைக்காத நிலை எல்லாம் சேர்ந்தால் எந்தத் தொற்றும் வலுவாகும். நோயை உண்டாக்கியது பாக்டீரியா. அது வளர வசதி செய்து கொடுத்தது சிறை.

பத்துப் பேரில் ஒருவருக்கு மட்டும் ஏன்?

இங்கேதான் கதை சுவாரஸ்யமாகிறது. மனிதர்களில் 95 சதவீதத்துக்கும் மேலானவர்களுக்கு இந்தப் பாக்டீரியாவை எதிர்க்கும் சக்தி இயல்பாகவே இருக்கிறது. ஒரே அறையில் பத்துப் பேர் இருந்தால் பத்துப் பேருக்கும் நோய் வராது. யாருக்கு வரும் என்பதைத் தீர்மானிப்பதில் பெரும்பங்கு அவரவர் உடம்பின் எதிர்ப்பு சக்திக்குத்தான்.

நம் உடம்பில் மேக்ரோஃபேஜ் என்று ஒரு வகை செல்கள் இருக்கின்றன. கிருமியைக் கண்டால் விழுங்கிவிடும் காவல்காரர்கள். தொழுநோய் பாக்டீரியாவின் தந்திரமே, இந்தக் காவல்காரருக்குள்ளேயே போய்க் குடியேறிவிடுவதுதான். ஸ்டேஷனுக்குள்ளேயே திருடன் ரூம் எடுத்துத் தங்குவது மாதிரி.

அப்போது செல் பயன்படுத்தும் ஆயுதங்களில் ஒன்று ஆட்டோஃபேஜி. நேரடி அர்த்தம், தன்னையே தின்பது. பயமுறுத்தும் பெயர், ஆனால் வேலை துப்புரவு வேலை. செல்லுக்குள் சேரும் பழுதான புரதம், உடைந்த உறுப்புகள், உள்ளே நுழைந்த கிருமி என எல்லாவற்றையும் ஒரு சவ்வுப் பைக்குள் சுற்றிக் கட்டும். அந்தப் பை லைசோசோம் என்ற அமிலப் பையோடு போய்ச் சேரும். உள்ளே இருப்பது செரித்துவிடும். கிடைக்கும் பாகங்களைச் செல் மறுபடியும் பயன்படுத்திக்கொள்ளும்.

இந்தச் சொல்லை 1963-ல் உருவாக்கியவர் பெல்ஜியம் விஞ்ஞானி கிறிஸ்டியன் டி டூவ். 1990-களில் ஈஸ்ட் செல்களில் இதற்கான மரபணுக்களைத் தேடிக் கண்டுபிடித்தவர் ஜப்பானின் யோஷினோரி ஓசுமி. அதற்காக 2016-ல் நோபல் பரிசு பெற்றார். ஆட்டோஃபேஜியைத் தூண்டினால் மேக்ரோஃபேஜுக்குள் ஒளிந்திருக்கும் காசநோய் பாக்டீரியா அழிகிறது என்பது 2004-ல் தெரியவந்தது. காசநோய் பாக்டீரியாவும் தொழுநோய் பாக்டீரியாவும் ஒரே குடும்பம். அடுத்து ஆராய்ச்சியாளர்களின் பார்வை தொழுநோய் பக்கம் திரும்பியது.

ஒரே பாக்டீரியா, இரண்டு முகம்

தொழுநோய் எல்லோருக்கும் ஒரே மாதிரி வராது. ஒரு முனையில், எதிர்ப்பு சக்தி நன்றாக வேலை செய்பவர்கள். இவர்களுக்கு ஒன்றிரண்டு தேமல்தான் இருக்கும், பாக்டீரியா மிகக் குறைவு. இன்னொரு முனையில் இருப்பவர்களுக்கு உடம்பெங்கும் பாக்டீரியா பரவும். தோல் தடிக்கும், முடிச்சுகள் வரும். பெரும்பாலானவர்கள் இந்த இரண்டுக்கும் நடுவில் எங்கோ இருப்பார்கள்.

2017-ல் பிரேசில் ஆராய்ச்சியாளர்கள் இந்த இரண்டு வகை நோயாளிகளின் தோல் மாதிரிகளையும் ஒப்பிட்டார்கள். முதல் வகையினரின் செல்களில் ஆட்டோஃபேஜி சுறுசுறுப்பாக நடக்கிறது. இரண்டாம் வகையினரில் அது பாதியிலேயே நின்றுவிடுகிறது. குப்பையைப் பையில் கட்டியாச்சு, ஆனால் லாரி வரவில்லை என்பது போல. இன்டர்ஃபெரான் காமா என்ற எதிர்ப்பு சக்தி சமிக்ஞையைக் கொடுத்தால், நின்றுபோன வேலை ஆய்வகத்தில் மறுபடியும் ஓடத் தொடங்கியது. இன்னொரு விஷயமும் தெரியவந்திருக்கிறது. செத்த பாக்டீரியாவைச் செல்லுக்குள் விட்டால் ஆட்டோஃபேஜி ஓடுகிறது. உயிரோடு இருக்கும் பாக்டீரியா அதை அடக்கிவிடுகிறது.

மரபணுவுக்கும் இதில் பங்கு உண்டு. பார்க்கின் என்ற மரபணு, பார்கின்சன் நோயோடு தொடர்புடையது என்று முதலில் அறியப்பட்டது. 2004-ல் வியட்நாம், பிரேசில் குடும்பங்களில் நடந்த ஆய்வு, அதே மரபணுப் பகுதியில் இருக்கும் சில வேறுபாடுகள் தொழுநோய் வரும் வாய்ப்பையும் கூட்டுவதாகக் காட்டியது. நரம்பு நோய்க்கும் தொற்று நோய்க்கும் என்ன சம்பந்தம்? பார்க்கின் செய்யும் வேலை, எதைக் குப்பையாக அள்ள வேண்டும் என்று அடையாளம் குத்துவது. பழுதான மைட்டோகாண்ட்ரியாவுக்கும் குத்தும், உள்ளே புகுந்த மைக்கோபாக்டீரியாவுக்கும் குத்தும்.

அப்போ விரதம் இருந்தால் போதுமா?

போதாது. பசியில் செல்கள் ஆட்டோஃபேஜியைக் கூட்டும் என்பது ஈஸ்ட்டிலும் எலியிலும் நன்றாகக் காட்டப்பட்ட விஷயம். அதற்காக விரதம் தொற்று நோய்க்கு மருந்தாகிவிடாது. நீண்ட நாள் சத்துக்குறைவு எதிர்ப்பு சக்தியைக் கெடுக்கும். பட்டினி மட்டுமே காப்பாற்றும் என்றால், அந்தக் கால ஜெயில்களில் யாருக்கும் நோயே வந்திருக்கக் கூடாது.

எதிர்ப்பு சக்தி திடீரென்று வேகமெடுப்பதும் எப்போதும் நல்லதல்ல. தொழுநோயில் அப்படி நடந்தால் நரம்பு வீங்கி, கை கால் உணர்ச்சி போய்விடும். இந்த நோயில் ஊனம் வருவதற்கு முக்கியக் காரணங்களில் ஒன்று அது. விரல்கள் தானாக உதிர்வதில்லை. உணர்ச்சி இல்லாததால் சூடோ காயமோ தெரியாமல், புண் புரையோடித்தான் விரல்கள் சிதைகின்றன.

நோயோடு 13 வருஷம்

சிவாவின் காலத்தில் இது எதுவும் தெரியாது. நீரடிமுத்து எண்ணெய்தான் டாக்டர்கள் கையில் இருந்த முக்கிய மருந்து. பாக்டீரியாவை அடக்கும் டாப்சோன் 1940-களில்தான் வந்தது.

அந்த உடம்போடுதான் அவர் வேலை செய்தார். விடுதலையான பிறகு சென்னைக்கு வந்து 1913-ல் ஞானபானு பத்திரிகையைத் தொடங்கினார். அதில் பாரதியும் வ.உ.சி.யும் எழுதினார்கள். அது நின்றதும் பிரபஞ்சமித்திரன் வந்தது. நாடகங்கள் எழுதினார், நடித்தார். 1921-ல் மறுபடியும் ஜெயில். ரயில் தடை வந்த பிறகும் ஊர் சுற்றுவதை நிறுத்தவில்லை.

கடைசிக் கனவு பாப்பாரப்பட்டி. அங்கே நண்பர்கள் உதவியோடு பாரத ஆசிரமம் அமைத்தார். பாரத மாதாவுக்கு ஒரு கோயில் கட்ட வேண்டும் என்று 1923-ல் சித்தரஞ்சன் தாஸை அழைத்து அடிக்கல் நாட்டினார். பணம் திரட்டத்தான் அந்த மாட்டு வண்டிப் பயணங்கள். கட்டி முடிப்பதற்குள் மனைவி மீனாட்சியம்மாள் இறந்துவிட்டார். பிறகு அவரும் போய்விட்டார். அப்போது அந்த ஊர் சேலம் மாவட்டத்தில் இருந்தது. தருமபுரி தனி மாவட்டமானது 1965-ல். இன்று பாப்பாரப்பட்டியில் அவருக்கு மணிமண்டபம் இருக்கிறது. பாரத மாதா நினைவாலயமும் கட்டப்பட்டுவிட்டது. அரூர் பக்கம் கோபாலபுரத்தில் இருக்கும் கூட்டுறவு சர்க்கரை ஆலைக்கும் அவர் பெயர்தான்.

ரயில் தடை சரியா?

இன்றைய அறிவியல் தரும் பதில்: இல்லை. பக்கத்தில் உட்கார்வது, கை கொடுப்பது, சேர்ந்து சாப்பிடுவது போன்ற சாதாரணப் பழக்கத்தால் தொழுநோய் பரவுவதில்லை. ஆனால் அன்றைய சட்டம் பயத்தின் மேல் எழுதப்பட்டது. தொழுநோயாளிகளைப் பிடித்து அடைத்து வைக்க வழிசெய்த 1898-ம் ஆண்டுச் சட்டம், சுதந்திரம் கிடைத்து ரொம்ப காலத்துக்குப் பிறகு 2016-ல்தான் நீக்கப்பட்டது. துணைக்குத் தொழுநோய் என்பதைக் காரணமாகக் காட்டி விவாகரத்து கேட்கும் பிரிவு 2019 வரை சட்டத்தில் இருந்தது.

நோய் மட்டும் பழங்கதை ஆகிவிடவில்லை. 2005 இறுதியில் இந்தியாவில் 10,000 பேருக்கு ஒருவர் என்ற அளவுக்கும் கீழே வந்தது உண்மை. ஆனாலும் உலகில் ஒவ்வோர் ஆண்டும் பதிவாகும் புதிய நோயாளிகளில் பாதிக்கும் மேல் நம் நாட்டில்தான். 2022-ல் மட்டும் ஒரு லட்சத்தைத் தாண்டியது.

வித்தியாசம், இப்போது இதைக் குணப்படுத்த முடியும். ரிஃபாம்பிசின், டாப்சோன், குளோஃபாசிமின் ஆகியவை அடங்கிய கூட்டு மருந்து, நோயின் வகையைப் பொறுத்து 6 அல்லது 12 மாதம். அரசு ஆரம்ப சுகாதார நிலையத்தில் இலவசம். மருந்தைத் தொடங்கிய கொஞ்ச நாளிலேயே மற்றவர்களுக்குப் பரவும் வாய்ப்பு நின்றுவிடும்.

தோலில் வெளிறிய அல்லது சிவந்த தேமல், அந்த இடத்தில் தொட்டாலோ சூடு பட்டாலோ தெரியவில்லை, கை கால் மரத்துப்போகிறது என்றால் தள்ளிப்போட வேண்டாம், காட்டிவிடுங்கள். நரம்பு கெடுவதற்கு முன்னால் போனால் ஊனமே இல்லாமல் மீளலாம். சிவாவுக்கு 13 வருஷத்தில் கிடைக்காதது, இன்று நம் ஊர் சுகாதார நிலையத்தில் ஒரு மாத்திரை அட்டையில் கிடைக்கிறது.