காரைக்கால் அம்மையார் விரும்பி ஏற்ற திருவடிவம்

சைவ உலகம் போற்றும் நாயன்மார் அறுபத்துமூவருள் மகளிர் மூவர். அம்மூவருள் திருப்பாடல் அருளியவர் காரைக்கால் அம்மையார் ஒருவரே. அறிஞர்கள் அவர் காலத்தை ஏறத்தாழ 6-ஆம் நூற்றாண்டு எனக் கருதுவர். அவருடைய திருவரலாற்றைச் சேக்கிழார் பெருமான் 12-ஆம் நூற்றாண்டில் விரித்தருளினார்.

காரைக்காலில் தனதத்தன் என்னும் வணிகர் தலைவனுக்குத் திருமகளாய்த் தோன்றிய புனிதவதியார், பேரழகு வாய்ந்தவர். நாகைப் பரமதத்தனின் இல்லத்தரசியானவர். சிவனடியார்க்கு அமுதோடு படைத்த மாங்கனியின் பொருட்டு, மற்றொரு கனியை இறைவனிடம் வேண்டிப் பெற்றார். அவ்வற்புதம் கண்டு அஞ்சிய கணவன் கடல்கடந்து சென்று, பின்னர்ப் பாண்டி நாட்டில் வேறொருத்தியை மணந்தான். சுற்றத்தார் அம்மையாரை அங்கு அழைத்துச் சென்றபோது, அவன் மனைவி மகளோடு அவர் திருவடியில் வீழ்ந்து வணங்கினான்.

கணவன் பொருட்டே சுமந்த அழகு இனி எதற்கு என எண்ணிய அம்மையார், அதனை உதறிப் பேய்வடிவை இறைவனிடம் வேண்டிப் பெற்றார். அவ்வடிவைக் கண்டோர் அஞ்சி ஓடினர். அம்மையாரோ நாணவில்லை; தம்மை மறைத்துக்கொள்ளவுமில்லை. இறைவன் தம்மை அறிவானாயின், உண்மை உணராதார் கண்ணுக்குத் தாம் எவ்வுருவாய்த் தோன்றினும் குறையில்லை எனத் துணிந்தார். திருக்கயிலையைக் காலால் மிதிக்க அஞ்சித் தலையினால் நடந்தேறினார். அவரை எதிர்கொண்ட பெருமான், உலகம் வெறுத்த அவ்வுருவத்தையே அம்மையென அழைத்தருளினான். தாயும் தந்தையும் இல்லாத இறைவனுக்குத் தாயாகும் பேறு, அழகிய புனிதவதிக்கு அன்று, பேயுருவினர்க்கே வாய்த்தது.

திருவாலங்காட்டில் இறைவன் ஆடலைக் கண்டு பாடிய மூத்த திருப்பதிகத்தில், தம்மைப் புதர்போல் அடர்ந்த தலையையுடைய காரைக்கால் பேய் என்றே குறித்துக்கொள்கின்றார். வாராத கூந்தலும் வற்றிய உடலும் அவருக்கு இழிவாகத் தோன்றவில்லை. தம் பாடலுக்கு முத்திரையாகவே அமைந்தன. பிறர் அஞ்சிய பெயரைத் தாமே உவந்து சூடிக்கொண்டார். அற்புதத் திருவந்தாதியும் திருவிரட்டை மணிமாலையும் அவர் அருளியனவே.

கங்கைகொண்ட சோழபுரத்தில் ஆடவல்லான் திருவடியருகே மெலிந்த மேனியராய் அம்மையார் அமர்ந்திருக்கும் சிற்பத்தை இன்றும் காணலாம். சோழநாட்டுச் சிற்பிகள் அவருக்கு இளமை நலத்தைத் திரும்பக் கொடுக்கவில்லை. அவர் விரும்பிய உருவத்தையே வடித்தனர். அறுபத்துமூவர் வரிசையில் ஏனையோர் நிற்க, அம்மையார் மட்டும் அமர்ந்திருப்பதும் மரபு.

நிறமும் குழலும் மேனியும் குறித்து மனம் வருந்துவோர், திருச்சுற்றில் அம்மையாரின் திருமுன் சிறிது நின்று செல்க. இறைவன் அறிந்த உருவே நமக்குப் போதிய அழகாகும் என்னும் தெளிவு பிறக்கும். அம்மையார் திருவடி வாழ்க!