ஜன்னல் வழியே ஆட்டம் பார்த்த சிறுவன்

மேற்கு இந்தியத் தீவுகளில் ஒன்று டிரினிடாட். அங்கே டுனாபுனா என்று ஓர் ஊர்.

அந்த ஊரில் ஒரு வீடு. வீட்டை ஒட்டி கிரிக்கெட் மைதானம். ஜன்னல் ஓரத்தில் நாற்காலி போட்டு, அதன் மீது ஏறி நின்று 6 வயதுச் சிறுவன் ஒருவன் ஆட்டம் பார்ப்பான். ஆட்டம் இல்லாதபோது, அங்கிருந்தே எட்டி, அலமாரி மேல் இருக்கும் புத்தகங்களை எடுப்பான்.

கிரிக்கெட், புத்தகம் இரண்டையும் அவன் சாகும்வரை விடவில்லை.

அவன்தான் பிற்காலத்தில் உலகப் புகழ் பெற்ற கறுப்பின எழுத்தாளர் சி.எல்.ஆர்.ஜேம்ஸ். 1901-ம் ஆண்டு பிறந்தவர். தந்தை பள்ளிக்கூட ஆசிரியர்.

அழுக்குச் சட்டை

அடுத்த வீட்டில் மாத்யூ பாண்ட்மன் என்று ஒருவன் இருந்தான். வேலைவெட்டி கிடையாது. அழுக்குச் சட்டை, வெறுங்கால். பெரியவர்கள் அவனைக் கண்டாலே முகம் சுளிப்பார்கள்.

ஆனால் அவன் மட்டையைப் பிடித்துவிட்டால், ஊரே பேச்சை நிறுத்திவிட்டுப் பார்க்கும்!

எதற்கும் உதவாதவன் என்று பெயர் எடுத்தவனிடம் இவ்வளவு அழகு எங்கிருந்து வந்தது? இந்தக் கேள்வி ஜேம்சின் மனதில் பதிந்துவிட்டது.

நிறத்துக்கு ஒரு சங்கம்

அப்போது அந்தத் தீவு ஆங்கிலேயர் ஆட்சியில் இருந்தது. கிரிக்கெட் சங்கங்களில் தோலின் நிறம் பார்த்துத்தான் ஆள் சேர்ப்பார்கள்.

பணக்கார வெள்ளையருக்கு "குயின்ஸ் பார்க்". மாநிறத்தவருக்கு "மேப்பிள்". சிறு உத்தியோகம் பார்க்கும் கறுப்பருக்கு "ஷானன்". ஏழைக் கறுப்பருக்கு "ஸ்டிங்கோ". எதிர் எதிராக ஆடுவார்கள். ஒரே அணியில் சேர்ந்து ஆடமாட்டார்கள். (இப்படித் தரம் பிரிப்பது நமக்குப் புதிது அல்லவே!)

ஜேம்ஸ் கறுப்பர். என்றாலும் பெரிய கல்லூரியில் படித்தவர். அதனால் "மேப்பிள்" அவரை ஏற்றுக்கொள்ளத் தயாராக இருந்தது. "ஷானன்" பக்கம் போவதா, "மேப்பிள்" பக்கம் போவதா என்று யோசித்தார். கடைசியில் "மேப்பிள்" சங்கத்திலேயே சேர்ந்தார்.

அது தவறு என்று பின்னால் உணர்ந்தார். சொந்த மக்களை விட்டு விலகியதால், தம் அரசியல் அறிவு பல ஆண்டுகள் தாமதமாக வளர்ந்தது என்று தாமே எழுதி வைத்தார். இப்படி ஒப்புக்கொள்ள எத்தனை பேருக்கு மனம் வரும்?

சோறு போட்ட நண்பர்

1932-ல் எழுத்தாளராக வேண்டும் என்று இங்கிலாந்து போனார். அங்கே நெல்சன் என்ற ஊரில் அவருக்கு இடம் கொடுத்து, சோறு போட்டவர் யார் தெரியுமா? லியரி கான்ஸ்டன்டைன். "ஷானன்" சங்கத்தின் புகழ் பெற்ற ஆட்டக்காரர்!

"மான்செஸ்டர் கார்டியன்" பத்திரிகையில் ஜேம்ஸ் கிரிக்கெட் செய்திகள் எழுதினார். 1938-ல் ஹைத்தி தீவின் அடிமைகள் விடுதலைக்குப் போராடிய வரலாற்றை நூலாக வெளியிட்டார். இன்றும் படிக்கப்படும் நூல் அது.

பிறகு 15 ஆண்டுகள் அமெரிக்காவில் இருந்தார். அங்கே சினிமா, படக்கதை ஆகியவற்றைப் பற்றிக்கூட ஆராய்ந்து எழுதினார். சாதாரண ஜனங்கள் எதை ரசிக்கிறார்கள் என்று பார்த்தால்தான் அவர்கள் மனதை அறியலாம் என்பது அவர் கருத்து. அவர் பொதுவுடைமைக்காரர். 1952-ல் அமெரிக்க அரசு அவரைக் காவலில் வைத்தது. மறு ஆண்டு வெளியேறினார்.

கேப்டன் யார்?

1958-ல் தாயகம் திரும்பினார். "நேஷன்" பத்திரிகையின் ஆசிரியர் ஆனார்.

மேற்கு இந்தியத் தீவு அணியில் சிறந்த ஆட்டக்காரர்கள் பலர் கறுப்பர்கள். ஆனால் தொடர் முழுவதற்கும் கறுப்பர் ஒருவரை கேப்டனாக நியமித்ததே இல்லை. 1948-ல் ஜார்ஜ் ஹெட்லிக்கு ஒரே ஒரு டெஸ்ட் போட்டி கிடைத்தது. அவ்வளவுதான்.

பிராங்க் வொரெல் அனுபவசாலி. அவரைக் கேப்டன் ஆக்கவேண்டும் என்று ஜேம்ஸ் விடாமல் எழுதினார். மக்கள் ஆதரவு திரண்டது. வொரெல் கேப்டன் ஆனார்!

பழைய கேப்டன் அலெக்சாந்தர் முணுமுணுக்காமல் வொரெலின் கீழ் ஆடினார். 1960 டிசம்பரில் பிரிஸ்பேன் நகரில் நடந்த டெஸ்ட் போட்டி வெற்றி தோல்வி இன்றி "டை" ஆனது. உலக டெஸ்ட் வரலாற்றில் அதுவே முதல் தடவை. தொடரில் ஆஸ்திரேலியாவே வென்றது. ஆனாலும் மெல்போர்ன் மக்கள் தெருவெல்லாம் கூடி நின்று, தோற்ற அணியை வழியனுப்பினார்கள்!

வீட்டுக் காவல்

1963-ல் ஜேம்ஸ் கிரிக்கெட் பற்றி எழுதிய "எல்லைக்கோட்டுக்கு அப்பால்" வெளிவந்தது. ஜன்னல், மாத்யூவின் மட்டை, "மேப்பிள்" தவறு எல்லாம் அதில் இருக்கிறது.

டிரினிடாட் பிரதமர் எரிக் வில்லியம்ஸ், ஜேம்சிடம் படித்த மாணவர். இருவருக்கும் பகை மூண்டது. 1965-ல் கிரிக்கெட் செய்தி எழுதத் தாயகம் வந்த ஜேம்சை, மாணவரின் அரசு வீட்டுக் காவலில் வைத்தது!

கடைசிக் காலத்தில் லண்டனில் ஒரு சிறிய அறையில் வாழ்ந்தார். சுற்றிலும் புத்தகங்கள். 1989 மே மாதம் காலமானார். வயது 88.

உடலை டிரினிடாட் கொண்டு சென்று, டுனாபுனாவில் அடக்கம் செய்தார்கள்.