ஒளியின் இயல்பறிந்த சுப்ரதா மித்ரா

இந்தியத் திரைப்பட ஒளிப்பதிவில் புதுநெறி கண்டவர் சுப்ரதா மித்ரா. இவர் 1930ஆம் ஆண்டு அக்டோபர் 12ஆம் நாள் கல்கத்தாவில் பிறந்தார். பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவார் 'தி ரிவர்' என்னும் படத்தை எடுக்க வங்காளம் வந்தபோது, அக்குழுவில் பணியாற்ற விரும்பினார். பார்வையாளராக இருக்க மட்டுமே இசைவு கிடைத்தது. மனந்தளராத மித்ரா, நாள்தோறும் சென்று, விளக்குகளின் அமைப்பையும் படப்பிடிப்புக் கருவியின் நகர்வையும் வரைந்தும் எழுதியும் குறித்துக்கொண்டார். ஒளிப்பதிவாளர் கிளாட் ரெனுவாரே கேட்டுப் பார்க்கும் அளவிற்கு அக்குறிப்புகள் துல்லியமாக இருந்தன. அக்காலத்தில் சத்யஜித் ரேயின் நட்பும் வாய்த்தது.

ரே 'பதேர் பாஞ்சாலி'யைத் தொடங்கியபோது, திரைப்படக் கருவியை அதுவரை இயக்கியிராத 21 வயது மித்ராவையே ஒளிப்பதிவாளராக்கினார். 1955இல் வெளிவந்த அப்படம் உலகப் புகழ் பெற்றது.

அடுத்து வந்த 'அபராஜிதோ' (1956) பெருஞ்சோதனையாயிற்று. கதை நிகழும் இடம் காசி. அங்குள்ள பழைய வீடுகளின் நடுமுற்றத்தில் வானொளி எல்லாத் திசைகளிலும் பரவி இறங்குவதால் கூரிய நிழல் விழுவதில்லை. அத்தகைய வீட்டைத் திறந்தவெளியில் அமைக்கவே முதலில் திட்டமிட்டனர். மழைக்கு அஞ்சிய கலை இயக்குநர் பன்சி சந்திரகுப்தா, அதனைப் படப்பிடிப்பு அரங்கினுள் அமைக்க முடிவு செய்தார். வானொளியை அரங்கினுள் உருவாக்க இயலாது என்று மித்ரா வாதிட்டும் பயனில்லை. விளக்கொளியை நேராகப் பாய்ச்சினால் ஒவ்வொரு விளக்கும் ஒரு நிழலை உண்டாக்கும். காட்சியின் பொய்ம்மை வெளிப்பட்டுவிடும்.

எனவே, முற்றத்தின் மேலே வெள்ளைத் துணியைச் சட்டத்தில் இழுத்துக் கட்டினார். விளக்குகளை நடிகர்கள்மீது திருப்பாமல், கீழிருந்து அத்துணியை நோக்கி அமைத்தார். துணியில் பட்டுத் திரும்பும்போது ஒளியின் பெரும்பகுதி குறைந்துபோகும். எனினும், எஞ்சிய ஒளி வானொளி போலவே மென்மையாகப் பரவியது. அரங்கில் எடுத்த காட்சிகள் காசியில் எடுத்தவற்றோடு வேறுபாடின்றிப் பொருந்தின. இயலாது எனத் தாமே கூறியதை இயலச்செய்த அம்முறை, 'எதிரொளி முறை'யாக அவருடைய பிற்காலப் படங்களிலும் தொடர்ந்தது. 'சாருலதா' (1964) அதன் முதிர்ச்சியைக் காட்டுவது.

'நாயக்' (1966) படத்துடன் ரேயுடனான கூட்டுப்பணி முடிவுற்றது. ஜேம்ஸ் ஐவரியின் 'ஷேக்ஸ்பியர் வாலா' உள்ளிட்ட படங்களுக்கும் மித்ரா ஒளிப்பதிவு செய்தார். சிதார் இசையிலும் தேர்ந்த அவர், 'பதேர் பாஞ்சாலி'யின் சில பகுதிகளுக்குச் சிதார் வாசித்துள்ளார். 'நியூ டெல்லி டைம்ஸ்' படத்திற்காகத் தேசிய விருதும், 1986இல் பத்மஸ்ரீ விருதும் பெற்றார்.

ஒருகாலத்தில் படப்பிடிப்புத் தளத்தின் ஓரத்தில் நின்று தாமே கற்ற மித்ரா, இறுதிக் காலத்தில் கொல்கத்தாவிலுள்ள சத்யஜித் ரே திரைப்படக் கல்லூரியில் இளையோருக்கு ஒளிப்பதிவைக் கற்பித்தார். 2001ஆம் ஆண்டு டிசம்பர் 7ஆம் நாள் மறைந்தார்.