ஸுரேந்திரநாத பானர்ஜி

வங்கத்துப் பெரியார் ஸுரேந்திரநாத பானர்ஜி 1848-ஆம் ஆண்டு நவம்பர் மாதம் 10-ஆம் நாள் கல்கத்தாவிற் பிறந்தார். தந்தையார் துர்க்காசரணர் கீர்த்தி வாய்ந்த வைத்தியர். மைந்தர் இங்கிலாந்து சென்று 1869-இல் ஸிவில் ஸர்வீஸ் பரீட்சையில் தேறினார். ஆயின், வயது மிகுந்தவரென்று கருதி அதிகாரிகள் அவர் பெயரை நீக்கினர். நம் நாட்டார் வயது கணக்கிடும் முறை வேறென்பதை அவர்கள் உணர்ந்திலர். இளைஞர் லண்டனில் குவீன்ஸ் பெஞ்சு நீதிமன்றத்தை அடைந்து முறையிட்டார். மன்றத்தார் காரணம் வினவவே, அதிகாரிகள் இணங்கிப் பெயரை மீளச் சேர்த்தனர். இங்ஙனம் நீதிமன்றத்தால் அடைந்த பதவியை 1874-இல் இழந்தது தனிக்கதை; அதனை ஈண்டு விரித்திலம்.

பின்னர் அவர் ஆசிரியராயினார். டப் பாதிரியார் நிறுவிய பிரீ சர்ச்சுக் கல்லூரியிலும் ஆங்கிலம் போதித்தாரென்பது மிஷன் கல்லூரியினராகிய நமக்கு உவகை தருவதே. 1879 முதல் 'பெங்காலி' என்னும் ஆங்கில வாரப் பத்திரிகையும் அவர் கைக்கு வந்தது.

1883-இல் இல்பர்ட் மசோதாவினால் ஆங்கிலேயரும் இந்தியரும் மனங்கசந்திருந்தனர். அவ்வேளையில், கல்கத்தா ஹைகோர்ட்டு நீதிபதி நாரிஸ் துரை வழக்கொன்றில் சாளக்கிராமத்தைக் கோர்ட்டுக்குக் கொண்டுவரச் செய்தாரென்று வேறொரு பத்திரிகை எழுதியது. பானர்ஜியார் அதனை நம்பி, ஏப்ரல் 28-ஆம் நாளிதழில் நாரிஸ் துரையைப் பண்டை இங்கிலாந்தின் கொடிய நீதிபதிகளான ஜெப்ரீஸ், ஸ்க்ராக்ஸ் என்போரோடு ஒப்பிட்டு வன்மையாய்க் கண்டித்தார். உண்மையோ வேறு. இருதிறத்து வக்கீல்களின் சம்மதத்தோடு சாளக்கிராமம் கோர்ட்டின் தாழ்வாரம் வரையே கொண்டுவரப்பட்டது. தீர விசாரியாது எழுதியது பத்திராதிபரின் பிழையே.

கோர்ட்டை அவமதித்த குற்றத்திற்கு ஏன் தண்டிக்கலாகாதென்று காரணங்காட்டும்படி ஆணை பிறந்தது. மே 5-ஆம் நாள், பிரதம நீதிபதி கார்த் துரை தலைமையில் ஐவர் அமர்ந்தனர். குறை கூறப்பெற்ற நாரிஸ் துரையும் அவ்வைவருள் ஒருவர்! தம் வழக்கில் தாமே தீர்ப்பளிக்க அமர்ந்தது நமக்கு எவ்வாற்றானும் பொருந்தியதாய்த் தோன்றவில்லை. பானர்ஜியாருக்காக பாரிஸ்டர் உமேச சந்திர பானர்ஜி தோன்றினார். பத்திராதிபர் தாம் எழுதியதைத் திரும்பப் பெற்று மன்னிப்பும் வேண்டினார். இதனைக் கோழைமை என்பாரும் உளர். யாம் அங்ஙனம் கருதோம். பொய்யென்று கண்டதைப் பற்றி நிற்பதில் என்ன வீரம்? எனினும், நால்வர் இரண்டு மாத வெறுங்காவல் விதித்தனர். ரமேச சந்திர மித்தர் ஒருவரே அபராதம் போதுமென்று மாறுபட்டார்.

தீர்ப்புக் கேட்ட மாணவர் கொதித்தெழுந்து கோர்ட்டின் கண்ணாடிகளை உடைத்தனர். பின்னாளில் அக்கோர்ட்டிலேயே நீதிபதியாய் வீற்றிருந்த அசுதோஷ் முகர்ஜியும் அன்று கிளர்ந்த மாணவருள் ஒருவர். கடைகள் அடைக்கப்பட்டன, வெளியூர்களிலும் கூட்டங்கள் நிகழ்ந்தன. பானர்ஜியாரோ அமைதியாய்ச் சிறை புகுந்து, தண்டனையைக் கழித்து, ஜூலை 4-ஆம் நாள் வெளிப்போந்தார். பிரிவி கவுன்ஸிலுக்குச் செய்த முறையீடும் பலிக்கவில்லை. தன்னை அவமதிப்பாரைத் தண்டிக்கும் அதிகாரம் ஹைகோர்ட்டுக்கு இயல்பாகவே உண்டென்று அக்கவுன்ஸில் துணிந்தது.

அவ்வாண்டு டிஸம்பரிலேயே கல்கத்தாவில் தேசிய மகாநாட்டைக் கூட்டினார். 1895-இல் புனாவிலும் 1902-இல் ஆமதாபாத்திலும் காங்கிரஸுக்குத் தலைமை வகித்து, 1925 ஆகஸ்டு 6-ஆம் நாள் பாரக்பூரில் உயிர்நீத்தார்.