பிரமோத் பதி: அரசுத் திரையில் கனவு கண்ட அசைவூட்டக் கலைஞர்

முன்னுரை

அன்றாட வாழ்வை விந்தையாகவும் இருண்ட நகையோடும் காட்டும் அசைவூட்டக் குறும்படம் இந்தியாவில் அரசு நிறுவனம் ஒன்றினுள் வளர்ந்தது. அதனை வளர்த்தவருள் குறிப்பிடத்தக்கவர் ஒடிசாவைச் சேர்ந்த பிரமோத் பதி (1932–1975). அரசுப் பணியினுள் அவர் தம் கற்பனைக்கு இடம் தேடிய வரலாற்றை இக்கட்டுரை ஆராய்கிறது.

பயிற்சியும் பணியும்

பதி செக்கோஸ்லோவாக்கியாவில் பொம்மைப்பட மேதை யிரி திரன்காவிடம் பயின்றார். திரன்காவும் அரசு நிதியில் படமெடுத்தவரே. 1965இல் வெளிவந்த அவருடைய 'கை' என்னும் படத்தில், பூந்தொட்டி வனையும் எளிய கலைஞனைத் தன் உருவத்தை வனையுமாறு ஒரு பெருங்கை வற்புறுத்துகிறது. ஆசிரியர் படமாக்கிய அச்சிக்கலுக்குள்ளேயே மாணவரும் பணியாற்ற நேர்ந்தது. 1948இல் நிறுவப்பெற்ற பிலிம்ஸ் டிவிஷனில் அவர் சேர்ந்தார். அரசுத் திட்டங்களை மக்களிடம் கொண்டுசெல்வது அந்நிறுவனத்தின் கடமை. 1960களின் இடைப்பகுதியில் ஜீன் பவுநகரி ஆலோசகராக வந்தபின் அங்கே புதுமுயற்சிகளுக்கு வழி பிறந்தது.

படைப்பு நெறி

உயிருள்ள மனிதரையே பொம்மைபோல் சிறிது சிறிதாக நகர்த்தி, ஒவ்வொரு சட்டகமாகப் படம்பிடிக்கும் முறையைப் பதி கையாண்டார். இம்முறையில் மனிதர் கால் அசையாமலே வழுக்கிச் செல்வர். திடீரென மறைந்து வேறிடத்தில் தோன்றுவர். காண்போர்க்கு முதலில் நகையும் பின்னர் சிறு அச்சமும் எழும். 'கிளாக்ஸ்பிளோஷன்' (1968) குடும்பக் கட்டுப்பாட்டுச் செய்தியை இவ்வடிவில் தந்தது. 'டிரிப்' (1970) பம்பாயின் அன்றாட ஓட்டத்தில் நிலையாமையைக் கண்டது. 'ஆபித்' (1972) ஓவியர் ஆபித் சுர்த்தியை ஓர் அறையினுள் நிறுத்தி, அவ்வறையையே ஓவியமாக்கியது.

பார்வையாளர்

அரசு ஏற்பளித்த படங்களை 2,000 அடி வரை ஒவ்வொரு காட்சியிலும் திரையிடுவது உரிமம் பெற்ற அரங்குகளின் கடமையாக இருந்தது. பெருநகர் அரங்குகளேயன்றி, தென்பெண்ணைக் கரையின் மூங்கில்துறைப்பட்டு போன்ற ஊர்மக்கள் நாடிச்செல்லும் கொட்டகைகளும் இவ்விதிக்கு உட்பட்டவையே. மக்கள் பொதுவாக நியூஸ் ரீல் என்றழைத்த அவ்வரிசையில்தான் பதியின் கனவுகளுக்கும் இடம் இருந்தது. எனவே அவருக்கு வாய்த்தவர் அவரைத் தேடி வந்தவரல்லர். முதன்மைப் படத்திற்காகக் காத்திருந்தவர்.

முடிவுரை

நெருக்கடி நிலை அறிவிக்கப்பெற்ற 1975ஆம் ஆண்டிலேயே, நாற்பதுகளின் தொடக்கத்தில் பதி மறைந்தார். அவர் விளையாட்டாகத் திரையில் சொன்ன குடும்பக் கட்டுப்பாடு, நெருக்கடிக் காலத்தில் பலர்மீது வற்புறுத்திய கருத்தடையாக மாறியது. மனிதரைப் பொம்மையாக நகர்த்திய அப்படங்களை இன்று காண்போர்க்கு அந்நகை கசக்கவே செய்யும். மும்பை பன்னாட்டுத் திரைப்பட விழாவில் அவர் பெயரால் ஒரு விருது வழங்கப்பெறுகிறது. எனினும் அரசின் கட்டாயமே அவருக்குத் திரையையும் பார்வையாளரையும் தந்தது என்னும் முரணை விலக்கி அவர் கலையை மதிப்பிடல் இயலாது.